புழு தூங்கும்போது இலை போடாதீர்கள்

பட்டுப்புழு முட்டையை வண்டியில் எடுத்து வருபவர்கள் பெட்டியை பெட்ரோல் டேங்க் மேல் வைக்காதீர்கள். சூடு ஏறும், வாடையும் படும். காற்று போய் வரும் பெட்டியில் வைத்து, சுற்றிலும் ஈரத்துணி போட்டு, வெயில் ஏறுவதற்கு முன் வீடு சேருங்கள். இல்லாவிட்டால் பொழுது சாய்ந்த பிறகு கிளம்புங்கள். வருகிற வழியில் உரக்கடையில் நிறுத்திப் பூச்சிமருந்து வாங்கி அதே வண்டியில் மாட்டுவது பலருக்கும் வழக்கம். அன்றைக்கு ஒருநாள் அது வேண்டாம். மூடியைத் திறந்து பார்க்கவும் வேண்டாம், பார்ப்பதற்கு அதில் எதுவும் இருக்காது.

ஒரு முட்டைத் தொகுதி என்பது ஒரு தாய் அந்துப்பூச்சி இட்ட முட்டைகள், 400 முதல் 500 வரை. 100 தொகுதி எடுத்தால் ஏறக்குறைய 50,000 உயிர். பொரித்து வரும்போது ஒவ்வொன்றும் எறும்பு அளவு, அரை மில்லிகிராம்கூடத் தேறாது. மூன்றரை நான்கு வாரத்தில் அதே புழு நாலைந்து கிராம் ஆகிவிடும். பத்தாயிரம் மடங்கு என்று புத்தகத்தில் போட்டிருப்பது மிகையில்லை. அந்த வளர்ச்சி முழுவதும் நம் கையால் போடும் மல்பெரி இலையில் நடக்கிறது. பல ஆயிரம் வருடம் மனிதன் வளர்த்து வளர்த்து இந்தப் பூச்சிக்குத் தன்னைத் தானே பார்த்துக்கொள்ளும் திறமை போய்விட்டது. அந்துக்கு இறக்கை இருக்கும், பறக்காது. புழுவுக்குக் கால் இருக்கும், ஆனால் இலை ஒரு முழம் தள்ளிக் கிடந்தால் தேடிப் போகாது. பசித்தாலும் நோய் வந்தாலும் சத்தம் போடத் தெரியாது. ஆடு மாடென்றால் கத்தும். இது பேசாமல் சுருங்கிச் சாகும்.

சேலத்துக்காரர்களுக்குப் பட்டு புதிதில்லை. தமிழ்நாடு பட்டு வளர்ச்சித் துறையின் தலைமை அலுவலகம் இங்கேதான் இருக்கிறது. மத்தியப் பட்டு வாரியத்தின் மண்டல ஆராய்ச்சி நிலையமும் இருக்கிறது. சேலம் வெண்பட்டு புவிசார் குறியீடு வாங்கிய சரக்கு. இருந்தும், முதல் தடவை புழு எடுக்கும் குடும்பங்களில் பேட்ச் கெட்டுப்போகிற காரணத்தைக் கேட்டால் கவனக்குறைவு என்ற ஒரே வார்த்தையில் முடித்துவிடுகிறார்கள். எனக்கு அதில் சம்மதமில்லை. புதிதாகச் செய்பவர்கள் கவனிக்காமல் இருப்பதில்லை. ராத்திரி மூன்று மணிக்கு எழுந்து டார்ச் அடித்துப் பார்க்கிறார்கள், புழுவைத் தொட்டுப் பார்க்கிறார்கள், பசிக்குமே என்று கூடுதலாக ஒரு வேளை இலை போடுகிறார்கள். பேட்ச் பெரும்பாலும் இந்தக் கையரிப்பில்தான் கெடுகிறது. இந்தத் தொழிலில் கஷ்டமான வேலை, கையை எப்போது எடுத்துக்கொள்வது என்று தெரிந்துகொள்வதுதான்.

முட்டையிலிருந்தே ஆரம்பிப்போம். 25 டிகிரி வெப்பம், 75 முதல் 80 சதவீதம் ஈரப்பதம். பொரிப்பதற்கு இரண்டு நாள் முன்பு முட்டைக்குள் குண்டூசித் தலை மாதிரி ஒரு கரும்புள்ளி தெரியும். அப்போது முட்டை ஒட்டியிருக்கும் அட்டையைக் கறுப்புத் தாளிலோ கறுப்புத் துணியிலோ சுற்றி இருட்டில் வைத்துவிட வேண்டும். மறுநாள் முட்டை முழுக்க நீலம் பாய்ந்திருக்கும். அதற்கும் அடுத்த நாள் காலையில் திறந்து வெளிச்சம் காட்டினால், முந்திக்கொள்ள இருந்தவையும் பிந்தி நின்றவையும் சேர்ந்து இரண்டு மூன்று மணி நேரத்தில் ஒன்றாகப் பொரித்துவிடும். இடையில் எட்டிப் பார்க்கிற ஆசையில் சுற்றலைப் பிரித்தால் கொஞ்சம் இன்றைக்கும் கொஞ்சம் நாளைக்குமாக வெளியே வரும். அந்த ஒருநாள் வித்தியாசம் கடைசிவரை தீராது. ஒரே தட்டில் தூங்குகிற புழுவும் சாப்பிடுகிற புழுவும் கலந்து கிடந்தால் யாரைக் கவனிப்பது?

இப்போது பெரும்பாலான விவசாயிகள் இந்த முதல் பத்து நாள் பொறுப்பை இளம்புழு வளர்ப்பு மையத்திடம் விட்டுவிட்டு, இரண்டாம் தோலுரிப்பு முடிந்த புழுவாக வாங்கிக்கொள்கிறார்கள். நல்ல ஏற்பாடு. புதியவர்கள் முதல் நாலைந்து பேட்ச்சுக்காவது அப்படித்தான் வாங்க வேண்டும் என்பேன். இளம்புழுவுக்கு 27, 28 டிகிரியும் 85 சதவீதத்துக்கு மேல் ஈரமும் வேண்டும். கொழுந்துக்கு அடியில் பளபளவென்று தெரிகிற இலையும் அதற்குக் கீழே இரண்டு மூன்று இலையும்தான் அதற்குத் தீனி, அதையும் பொடியாக நறுக்கித்தான் போட முடியும். எடுத்துப் பரப்புவதற்கு விரல் ஆகாது, இறகால்தான் தள்ள வேண்டும். இந்த வயதில் நோய் ஒட்டினால் வெளியே ஒன்றும் தெரியாது. பதினைந்து நாள் கழித்து, கடைசியான ஐந்தாம் பருவத்தில், இலை மூட்டை மூட்டையாகச் செலவான பிறகு தெரியும்.

புழு வருவதற்கு முன் அதை வளர்க்கும் மனை சுத்தமாக இருக்க வேண்டும். சுத்தம் என்றால் கூட்டிப் பெருக்குவதோடு முடிவதில்லை. 10 லிட்டர் தண்ணீருக்கு 200 கிராம் பிளீச்சிங் பவுடர், 30 கிராம் நீர்த்த சுண்ணாம்பு. முதலில் பவுடரைக் கொஞ்சம் தண்ணீரில் களி மாதிரிக் குழைத்து, மிச்சத் தண்ணீரையும் சுண்ணாம்பையும் சேர்த்துக் கலக்கி, பத்து நிமிடம் தெளியவிட்டு, மேல்நீரை மட்டும் எடுத்து, தரை, சுவர், தட்டு, அடுக்கு எல்லாம் சொட்டச் சொட்ட நனைக்க வேண்டும். போன பேட்ச் கூடு எடுத்த கையோடு ஒருமுறை, புழு வருவதற்கு மூன்று நான்கு நாள் முன்னால் இன்னொரு முறை. இரண்டாவதை யாரும் விடுவதில்லை. முதலாவதைத்தான் விடுகிறார்கள். அப்படி விட்டால் நோய்க்கிருமி பொடியோடு பொடியாகக் காய்ந்து வீடு முழுக்கப் பரவிவிடும். பவுடர் மூட்டையைத் திறந்து மாதக்கணக்கில் வைத்திருந்தால் அதில் குளோரின் பறந்துபோய் வெறும் சுண்ணாம்புதான் மிஞ்சியிருக்கும். மூக்கைக் கட்டிக்கொண்டு, கையுறை போட்டுச் செய்யுங்கள். இரும்பு அடுக்குக்கு இது ஆகாது, துரு பிடிக்கும். அதனால் இரும்பு இருந்தால் பட்டு வளர்ச்சித் துறை ஆட்களைக் கேட்டு வேறு மருந்து வாங்குங்கள்.

வாசலில் மருந்துத் தண்ணீரில் நனைத்த சாக்கு ஒன்று, உள்ளே போடத் தனிச் செருப்பு ஒன்று, கை கழுவ ஒரு தொட்டி. அடுக்கின் கால் ஒவ்வொன்றும் தண்ணீர்க் கிண்ணத்துக்குள் நிற்கட்டும். எறும்பு ஏறிவிட்டால் ஒரே ராத்திரியில் ஒரு தட்டைக் காலி செய்துவிடும்.

இனித் தூக்கத்துக்கு வருகிறேன். புழுவின் ஆயுளில் ஐந்து பருவம், நடுவில் நாலு தூக்கம். வெளியே அசையாமல் கிடப்பதால் தூக்கம் என்கிறோம். உள்ளே அது தன் தோலையே மாற்றிக்கொண்டிருக்கிறது. நேரம் ஒதுக்கி ஒரு முறையாவது பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள். முதலில் தீனி குறையும். உடம்பு இறுகி, மினுமினுப்பாகி, லேசாக மஞ்சள் ஓடும். பிறகு புழு வாயிலிருந்து மெல்லிய இழை விட்டு, தன் பழைய தோலின் கால்களை இலையோடு கட்டிக்கொள்ளும். முன் உடம்பைத் தூக்கி நிமிர்ந்து நின்றுவிடும். அப்போது தலையைக் கவனித்தால், பழைய சின்னத் தலைக்குப் பின்னால் முக்கோணமாக ஒரு கருமை புடைத்துக்கொண்டு வருவது தெரியும். அதுதான் புதுத் தலை. பருவத்தைப் பொறுத்து 20 முதல் 30 மணி நேரம் இப்படியே இருக்கும். கடைசியில் கழுத்துக்குப் பின்னால் தோல் வெடித்து, புழு அதற்குள்ளிருந்து நடந்து வெளியே வரும். பழைய தோல் கட்டிய இடத்திலேயே கிடக்கும்.

கட்டிய இழைதான் பிடிமானம். அந்த நேரத்தில் தட்டை நகர்த்தினாலோ, படுக்கையைக் கிளறினாலோ, மேலே குச்சி போட்டாலோ இழை அறுந்துவிடும். இழுத்து நடக்கப் பிடிமானம் இல்லாமல் தோல் பாதி உரிந்து வால் பக்கம் சிக்கிக்கொள்ளும். அப்படிச் சிக்கிய புழு பிழைப்பது அபூர்வம்.

நூற்றுக்குத் தொண்ணூறு புழு படுத்ததும் தீனியை நிறுத்துங்கள். மிச்சம் பத்துக்காக மனசு இளகக் கூடாது. நீர்த்த சுண்ணாம்புத் தூளை மெல்லிய துணியில் முடிந்து படுக்கை மேல் தட்டினால் மிஞ்சிய இலை காய்ந்துவிடும், ஈரமும் வற்றும். ஜன்னலைத் திறந்து காற்று விடுங்கள். இலையைப் பச்சையாக விட்டால் முந்தி எழுந்தவை அதைத் தின்று முன்னே போய்விடும், பிந்தியவை பின்தங்கும். எழுந்த புழு தலை பெருத்து, தோல் தொளதொளவென்று, கொஞ்சம் பழுப்பேறி இருக்கும். அது வாயைத் தூக்கித் தேடுவதைப் பார்க்கச் சங்கடமாகத்தான் இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள். நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கு மேல் எழுந்த பிறகுதான் முதல் இலை. சில மணி நேரம் பசித்திருந்தால் அதற்கு ஒன்றும் ஆகாது. முதல் இலைக்கு அரை மணி முன்பு விஜேதா மாதிரி, படுக்கையில் போடும் கிருமிநாசினித் தூளைச் சன்னமாகத் தூவிவிடுங்கள். புதுத் தோல் மிருதுவாக இருக்கும்போதுதான் கிருமி சுலபமாக உள்ளே போகும்.

இதில் வீட்டுக்குள் நடக்கிற ஒரு குழப்பம் உண்டு. மாமியார் ஒரு வேளை, மருமகள் ஒரு வேளை, ராத்திரிக்கு மகன் என்று ஆள் மாறும். "ஏனுங்கத்தை, கடைசி அடுக்கு படுத்துருச்சா, எல போடலாங்களா?" என்று கேட்க அத்தை பக்கத்தில் இருக்க மாட்டார், தோட்டத்தில் இருப்பார். மருமகள் போட்டுவிடுவாள். இதற்கு ஒரு பலகையும் சாக்பீஸும் போதும். ஒவ்வொரு அடுக்குக்கும் நேராகக் கடைசி தீனி எத்தனை மணிக்கு, படுத்தது எப்போது, தூள் போட்டாயிற்றா என்று எழுதிவைக்க வேண்டும். எழுத்து இல்லாத இடத்தில் தீனி கிடையாது என்று வீட்டில் எல்லாரும் ஒத்துக்கொண்டால் பாதித் தலைவலி தீரும்.

இலை பற்றி எழுதினால் தனிக் கட்டுரை ஆகிவிடும். வெயிலுக்கு முன் வெட்டுங்கள், அல்லது சாயங்காலம் வெட்டுங்கள். கட்டுக் கட்டாகக் குவிக்காமல் நிறுத்தி வைத்து ஈரச் சாக்கு போர்த்துங்கள். குவித்த இலையின் நடுவில் கையை விட்டால் சுடும், அந்த இலை புழுவுக்கு ஆகாது. வழிச்சாலை ஓரத்துச் செடியின் புழுதி படிந்த இலையும் வேண்டாம். ஐந்தாம் பருவத்தில் மட்டும் மொத்த இலையில் 80 சதவீதத்துக்கு மேல் செலவாகும். அதனால் புழு வாங்குவதற்கு முன்பே அந்தக் கடைசி ஏழெட்டு நாளைக் கணக்குப் போட்டுத் தோட்டத்தைப் பாருங்கள். நடுவில் இலை தீர்ந்துபோய் பக்கத்துத் தோட்டத்தில் விலைக்கு வாங்கும்போதுதான் பெரிய ஆபத்து. அவர் என்ன மருந்து எப்போது அடித்தார் என்று அவருக்கே ஞாபகம் இருக்காது. வாங்கித்தான் ஆக வேண்டும் என்றால் ஒரு கைப்பிடி இலையை நூறு புழுவுக்குத் தனியாகப் போட்டு அடுத்த நாள் வரை பாருங்கள். வாந்தி எடுத்துத் தலையை ஆட்டிச் சுருண்டால் அந்த இலை வேண்டாம். உங்கள் வரப்பை ஒட்டிப் பருத்தியோ காய்கறியோ போட்டிருப்பவரிடம் தேதி சொல்லி, "இந்த இருபத்தஞ்சு நாளைக்கு மட்டும் மருந்து அடிக்கறதுக்கு முந்தி ஒரு வார்த்தை சொல்லிருங்கண்ணா" என்று முன்கூட்டியே கேட்டுவிடுவது நல்லது.

கொசுவத்திச் சுருளும் திரவக் கொசு விரட்டியும் மனை இருக்கிற வளாகத்துக்குள்ளேயே வரக் கூடாது. கொசுவைக் கொல்கிற அதே மருந்துதான் இதையும் கொல்லும். புகையிலை தொட்ட கையும் அப்படித்தான்.

நோய் என்று வந்தால், தெரிகிற ஒரு புழுவை உடனே எடுப்பதில்தான் காரியம் இருக்கிறது. பால்புழு நோய் வந்த புழு வளையங்களுக்கு நடுவே வீங்கி, தோல் மினுங்கி, தட்டு விளிம்பையே சுற்றிக்கொண்டிருக்கும். தொட்டால் தோல் கிழிந்து பால் மாதிரி நீர் வழியும். அந்த ஒரு சொட்டில் கோடிக்கணக்கில் கிருமி. கையால் எடுக்காமல் இடுக்கியால் எடுத்து, பிளீச்சிங் பவுடரும் சுண்ணாம்பும் கலந்த கிண்ணத்தில் போட்டு, பிறகு ஆழமாகப் புதையுங்கள். கோழிக்குப் போட்டால் அதன் எச்சத்தில் கிருமி தோட்டத்துக்கே திரும்பிவிடும். ஐப்பசி கார்த்திகையில் சேர்வராயன் அடிவாரத்தில் மழையும் பனியும் சேர்ந்து பிடிக்கும்போது சுண்ணக்கட்டி நோய் வரும். செத்த புழு கட்டையாக விறைத்து, பிறகு வெள்ளையாகப் பூக்கும். பூப்பதற்கு முன் எடுத்துவிட வேண்டும். அந்த வெள்ளைத் தூள்தான் காற்றில் பறக்கிற வித்து. ஈரம் ஏறினால் சுண்ணாம்பு தூவிப் படுக்கையை உலரவிடுங்கள், ஈர இலையை உதறாமல் போடாதீர்கள். சித்திரை வைகாசியில் சேலம் சமவெளிக்கு நேர்மாறான கஷ்டம். கூரை மேல் தென்னங்கீற்று, ஜன்னலில் ஈரச் சாக்கு, படுக்கையில் நெருக்கமில்லாமை. 100 தொகுதிக்குக் கடைசி நாட்களில் சுமார் 700 சதுர அடி வேண்டும். இட நெருக்கடியோடு சூடும் சேர்ந்தால் புழு துவண்டு, வயிற்றோட்டம் கண்டு சாகும்.

ஊசி ஈக்கு மருந்து தேடுவதைவிடக் கதவு ஜன்னலுக்கு நைலான் வலை அடிப்பதுதான் சரி. புழு மேல் குண்டூசித் தலை அளவில் அந்த ஈயின் வெள்ளை முட்டை ஒட்டியிருக்கும், பொரித்ததும் அந்த இடத்தில் ஒரு கறுப்புத் தழும்பு விழும். ஈயின் புழு கூட்டைத் துளைத்து வெளியே வந்தால் அந்தக் கூட்டிலிருந்து நூல் எடுக்க முடியாது. பெப்ரின் என்ற நோய் மட்டும் விவசாயி கையில் இல்லாத விஷயம். தாயிடமிருந்து முட்டைக்குள்ளேயே வருகிறது. 1865-ல் பிரான்ஸின் தெற்கே அலெஸ் ஊருக்குப் போய் லூயி பாஸ்டர் இதற்காகவே சில வருடம் பட்டுப்புழுவோடு மல்லுக்கட்டினார். தாய் அந்தை நசுக்கி நுண்ணோக்கியில் பார்த்து, நோயில்லாத தாயின் முட்டையை மட்டும் வைத்துக்கொள்வது என்ற அவருடைய முறைதான் இன்றைக்கும் முட்டை உற்பத்தி நிலையங்களில் நடக்கிறது. அரசு அங்கீகாரம் இல்லாத இடத்தில் மலிவாகக் கிடைக்கிறது என்று முட்டை வாங்காதீர்கள் என்று சொல்வதற்கு இதுதான் காரணம்.

ஐந்தாம் பருவம் ஏழாம் நாள் வாக்கில் புழு தின்பதை விட்டுவிடும். உடம்பு சுருங்கி, வெளிச்சத்தில் பிடித்தால் தேன் நிறத்தில் ஊடுருவித் தெரியும். தலையைத் தூக்கி இடம் தேடி அலையும். பழுத்த புழு என்பது இதுதான். இதை அன்றன்றைக்கே எடுத்து நெட்ரிகாவில், அதாவது கூடு கட்டுவதற்கான பிளாஸ்டிக் தட்டியில், விட வேண்டும். பழுக்காததை முந்தி விட்டால் பசியில் அலைந்து செத்துப்போகும். பழுத்ததைப் பிந்தி எடுத்தால் படுக்கையிலேயே பட்டை வீணாக்கிவிடும். சதுர அடிக்கு 40 முதல் 50 புழு, அதற்கு மேல் வேண்டாம். அடியில் பழைய பேப்பர் விரியுங்கள். கூடு கட்டத் தொடங்கும் முன் புழு கடைசியாக ஒருமுறை சிறுநீர் விடும். அந்த ஈரம் தங்கினால் நூல் ஒழுங்காகப் பிரியாது. காற்று வேண்டும், ஆனால் பலத்த காற்றாக இருக்கக் கூடாது. வெளிச்சம் ஒரு பக்கமாக அடித்தால் எல்லாம் இருட்டுப் பக்கம் குவிந்து இரண்டு புழு ஒரே கூட்டைக் கட்டிவிடும்.

அப்புறம் மூன்று நாள் விட்டுவிடுங்கள். தலையை எட்டுப் போடுவதுபோல் ஆட்டி ஆட்டி, ஆயிரம் மீட்டருக்கும் மேல் ஒரே இழையாக அது தன்னைச் சுற்றிக்கொள்ளும். முதலில் வலை மாதிரி ஒரு மூட்டம், உள்ளே புழு நிழலாகத் தெரியும், பிறகு தெரியாது. இந்த மூன்று நாளில் நெட்ரிகாவை நகர்த்தினால் இழை அறும். அறுந்த இடத்தில் நூல் எடுப்பவர் மறுபடி முனை தேட வேண்டியிருக்கும், ஏலத்தில் விலை அங்கே குறையும்.

கூடு பறிப்பது ஆறாம் ஏழாம் நாள். நாலைந்து கூட்டை வெட்டிப் பாருங்கள். உள்ளே கூட்டுப்புழு பழுப்பாகக் கெட்டிப்பட்டிருந்தால் பறிக்கலாம். மஞ்சளாக மெத்தென்று இருந்தால் இன்னும் ஒருநாள் பொறுங்கள், இல்லையென்றால் வண்டிக் குலுக்கலில் உள்ளே நசுங்கிக் கூடு கறைபடும். அதற்காக ரொம்பவும் தள்ளிப்போட முடியாது, அந்து உடைத்துக்கொண்டு வந்துவிடும். இரட்டைக் கூடு, கறைக் கூடு, துளைக் கூடு, மெல்லிய கூடு எல்லாவற்றையும் தனியே பிரியுங்கள். ஒரு கிலோ கழிவு கலந்திருந்தால் 60, 70 கிலோ நல்ல கூட்டின் விலையும் இறங்கும். தர்மபுரி பட்டுக்கூடு அங்காடிக்கு ஏற்றும்போது பிளாஸ்டிக் பையில் அடைக்காதீர்கள், உள்ளே இருப்பது இன்னும் உயிரோடு மூச்சு விடுகிறது. தளர்வான துணிப்பையில் பாதி அளவு போட்டு, ஒன்றின் மேல் ஒன்று அடுக்காமல், ராத்திரி குளுமையில் கிளம்புங்கள். வண்டி போனதும் மனையில் மிஞ்சிய குப்பையைக் குழிக்குக் கொண்டுபோய், பிளீச்சிங் பவுடரை அன்றைக்கே கரைத்துவிடுங்கள்.